பக்கவாட்டில் போன லிஃப்ட்

காலத்தைத் திருப்பி வைப்பது என்று நான் முடிவெடுத்தேன். உலக நன்மைக்காக அல்ல. ஒரே ஓர் எழுத்துக்காக.

"ம்."

நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். அந்தத் தவளையாவது வாயைத் திறந்து கெட்டது. நான் வாயைத் திறக்காமலேயே கெட்டவன். "ம்" சொல்ல வாயைத் திறக்க வேண்டியதில்லை. வேண்டுமானால் சொல்லிப் பாருங்கள். மனைவி பக்கத்தில் இல்லாத நேரமாகப் பார்த்துச் சொல்லிப் பாருங்கள்.

நடந்தது இதுதான். டிவியில் மேட்ச். கடைசி நிமிடம். பந்து கோலை நோக்கிப் பறக்கிறது. அந்த நேரம் பார்த்து என் மனைவி சோபாவுக்குப் பக்கத்தில் வந்து நின்று ஏதோ கேட்டாள். நான் "ம்" என்றேன். பந்து உள்ளே போனது. என் ரூம் வெளியே போனது.

"என்னது, பின் ரூமா? நான் எப்பம்மா குடுத்தேன்?"

"இப்பத்தான். தையல் கிளாசுக்குப் பின் ரூமை எடுத்துக்கட்டுமான்னு கேட்டேன். 'ம்'னீங்க."

"அது பந்துக்குச் சொன்ன 'ம்'!"

"பந்து உங்ககிட்ட ஏதாவது கேட்டுச்சா?"

கேட்கவில்லைதான். பந்து நல்ல பிறவி. என் வாழ்க்கையில் என்னிடம் எதுவும் கேட்காத ஒரே ஜீவன் அது.

மற்ற வீடுகளில் "ம்" என்பது ஒரு சத்தம். எங்கள் வீட்டில் அது பத்திரப் பதிவு. சாட்சி கையெழுத்து கூட வேண்டாம். இதற்கு முன்பும் பல "ம்"களில் பலதை இழந்திருக்கிறேன். என் மீசை போனது ஒரு "ம்"மில். கட்டிலில் ஜன்னல் பக்கம் போனது இன்னொரு "ம்"மில். அதையெல்லாம் பொறுத்துக்கொண்டேன். ஆனால் பின் ரூம்?

நான் லிஃப்ட் மெக்கானிக். ஊரில் பாதிப் பேரைத் தினமும் மேலே தூக்கிவிடுகிறவன். வீட்டில் மட்டும் என் பேச்சு தரைத்தளத்தைத் தாண்டியதில்லை. பின் ரூம்தான் என் ராஜ்ஜியம். ஓய்வு பெற்ற மோட்டார்கள், கப்பிகள், கதவு உருளைகள், அழைப்பு மணிகள், ஒரு வாளி நிறைய எண் பொத்தான்கள். ஒன்றுகூட ஓடாது. அதுதான் அந்த ரூமின் அழகு. வீட்டில் ஓடுகிற பொருளுக்கெல்லாம் அவள் எஜமானி. ஓடாத பொருளுக்கெல்லாம் நான். ஞாயிற்றுக்கிழமையானால் அங்கே ஒரு ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து, ஒரு கப்பியைக் கையில் எடுத்து, துடைத்து, மறுபடியும் அதே இடத்தில் வைப்பேன். அதில் எனக்குக் கிடைக்கிற நிம்மதி சொன்னால் புரியாது. அந்த ரூம் போகப் போகிறது என்றதும் நேராக அங்கே போய், துடைத்த கப்பியையே இன்னொரு தடவை துடைத்து வைத்தேன்.

அவள் பக்கத்து நியாயத்தையும் சொல்லிவிடுகிறேன். சொல்லாவிட்டால் அவளே வந்து சொல்வாள். ஊரில் நல்ல பெயர் எடுத்த தையல்காரி. அவளுடைய மெஷின் இருப்பதோ சமையலறை மூலையில். இந்தப் பக்கம் அடுப்பு, அந்தப் பக்கம் ஃப்ரிட்ஜ்.

"பத்து வருஷமா ஒரு தோளுக்கு வெயில் காலம், ஒரு தோளுக்குப் பனிக்காலம். உங்க கப்பிக்கு மட்டும் தனி ரூமா?"

"அதுங்க வயசானதும்மா."

"நான் மட்டும் என்ன, நேத்தா பொறந்தேன்? அடுத்த மாசம் முதல் திங்கக்கிழமை கிளாஸ். அதுக்கு முந்தின ஞாயித்துக்கிழமை ரூம் காலியா இருக்கணும்."

"இத்தனை சாமானை எங்க கொண்டு போய் வைக்கிறது?"

"அதைப் பத்தி நீங்க கவலைப்படாதீங்க" என்றாள்.

என் மனைவி கவலைப்படாதீங்க என்று சொன்னால் அன்றைக்குத்தான் கவலைப்பட ஆரம்பிக்க வேண்டும். எனக்கு அது உறைக்கவில்லை. ஏனென்றால் என் மூளை அப்போது வேறு வேலையில் இருந்தது. கால யந்திரம்.

சிரிக்காதீர்கள். இடிக்கப்போன ஒரு பழைய கட்டடத்திலிருந்து ஒற்றை ஆள் லிஃப்ட் ஒன்றைப் பெயர்த்துக் கொண்டுவந்து பின் ரூமில் நிறுத்தியிருந்தேன். இழுத்தும் சாத்தலாம், பொத்தானிலும் சாத்தலாம் என்கிற கம்பிக் கதவு, மூன்று பக்கமும் மரப் பலகை, ஒரு முழு ஆள் கண்ணாடி, உள்ளே மாட்டிக்கொண்டவர்கள் கத்துவதற்கு ஒரு சின்ன ஒலிபெருக்கி. அதன் மோட்டார் போட்ட சத்தத்தில் தூக்கம் போகிறது என்று அவள் சொன்னதால், மோட்டாரை மட்டும் சுவருக்கு அந்தப் பக்கம் பழைய குளியலறையில் வைத்துவிட்டேன். வயரிங் பண்ணும்போது எந்த வயரை எதில் கொடுத்தேன் என்று இன்றுவரை எனக்கே தெரியாது. கீழ் பொத்தானை அமுக்கினேன். பெட்டி மறைந்தது. எங்கள் தொழிலில் ஆள் ஏறுகிற கூண்டுக்குப் பெட்டி என்றுதான் பெயர். கொஞ்ச நேரத்தில் திரும்பி வந்தது. உள்ளே அன்றைய பேப்பர் கிடந்தது. அன்றைய என்றால், நேற்றைய அன்றைய பேப்பர். மை ஈரம்கூடக் காயவில்லை.

சூத்திரம் மிகவும் சுலபம். காலம் என்பது மாடி. மேலே போனால் நாளை, கீழே போனால் நேற்று. நான் அதோடு நிற்கவில்லை. இடம், வலம் என்று இரண்டு பொத்தான்களைச் சேர்த்தேன். பக்கவாட்டில் போனால் பக்கத்து உலகம். ஒரே மாடியில் வரிசையாக வீடுகள் இருப்பதில்லையா, அந்த மாதிரி. எல்லா வீட்டிலும் ஒரு நான். எல்லா வீட்டிலும் ஓர் அவள். இத்தனை வீடுகளில் ஏதாவது ஒரு வீட்டிலாவது நான் ஜெயித்திருக்க மாட்டேனா?

ஆனால் அவசரப்பட்டு ஏறக் கூடாது. லிஃப்ட்காரனுக்கு ஒரு தர்மம் உண்டு. புதிதாக மாட்டிய பெட்டியைக் காலியாக ஓட்டிப் பார்த்து, திருப்தியான பிறகுதான் ஆளை ஏற்ற வேண்டும். இதற்கு இரண்டு பேர் வேண்டும். ஒருவர் மோட்டார் பக்கம், ஒருவர் பெட்டிப் பக்கம். மோட்டார் பக்கம் இருப்பவர் "பெட்டி காலியா?" என்று கத்துவார். பெட்டிப் பக்கம் இருப்பவர் உள்ளே பார்த்துவிட்டு "காலி!" என்று பதில் கொடுப்பார். அதன் பிறகே விசையைப் போட வேண்டும். எங்கள் தொழிலில் வீட்டில் பொய் சொல்லுவோம், முதலாளியிடம் பொய் சொல்லுவோம், அந்த ஒரு வார்த்தையில் மட்டும் பொய் சொல்ல மாட்டோம். உயிர் சமாசாரம்.

எனக்கு உதவியாள் கிடையாது. மனைவியைக் கேட்டேன்.

"சாயந்திரம் கொஞ்ச நேரம் வந்து பெட்டிப் பக்கம் நிக்கறியா?"

"இதை எதுக்கு ஓட்டறீங்க?"

உண்மையைச் சொல்ல முடியுமா? "விஞ்ஞானத்துக்காக" என்றேன்.

"பக்கத்து உலகத்துக்குக்கூடப் போகுமா?"

"அதெல்லாம் உனக்குப் புரியாது. இடது பக்கம் அம்புக்குறி போட்ட பொத்தான் பக்கத்து வீடு மாதிரி. உள்ளேயும் அதே பொத்தான் இருக்கு, வெளியேயும் இருக்கு. நீ எதையும் தொடாதே, 'காலி'ன்னு மட்டும் சொல்லு."

"சரிங்க" என்றாள். என்ன அடக்கம்! நான் அன்று ரொம்பப் பெருமைப்பட்டேன்.

அன்றிலிருந்து தினமும் சாயந்திரம் சோதனை ஓட்டம். நான் சுவருக்கு அந்தப் பக்கம் மோட்டாரின் மேல் காதை வைத்துக்கொண்டு கத்துவேன்.

"பெட்டி காலியா?"

"காலி!"

விசையைப் போடுவேன். மோட்டார் உறுமும். அதன் பிறகு அவள் பக்கமிருந்து ஒரு வார்த்தை வராது. "எப்படிம்மா இருக்கு?" என்று கேட்டாலும் பதில் இருக்காது. கல்யாணமான நாள் முதல் ஒரு கால் மணி நேரம் சேர்ந்தாற்போல் அவள் பேசாமல் இருந்து நான் பார்த்ததில்லை. என் யந்திரத்தின் கம்பீரம் அவளையே வாயடைத்துவிட்டது என்று நினைத்தேன். பிறகு, "வந்துடுச்சு!" என்று குரல் வரும். கொஞ்சம் மூச்சு வாங்குகிற மாதிரி இருக்கும். ஆச்சரியம் தாங்கவில்லை போலிருக்கிறது.

இந்தச் சோதனைகளில் நான் இன்னொரு மாபெரும் உண்மையையும் கண்டுபிடித்தேன். எதிர் வீட்டுப் பல் டாக்டரிடம்தான் முதலில் சொன்னேன். அவர் நல்ல மனிதர். நாள் முழுக்க வாயைத் திறந்து வைத்திருப்பவர்களிடம் தனியாகப் பேசிப் பேசி, எதிராளி பதில் சொன்னாலே அவருக்குக் கொஞ்சம் திடுக்கிடும்.

"டாக்டர், இடைவெளி விரியுது."

"எந்தப் பல்லுல?"

"பல் இல்ல டாக்டர். என் பின் ரூம். யந்திரம் ஓட ஓட ரூம் பெரிசாகிக்கிட்டே போகுது. போன வாரம் வரைக்கும் ஒருக்களிச்சுத்தான் உள்ள நுழைவேன். இன்னிக்குக் கையை வீசி நடந்தேன்!"

"சாமான் ஏதாவது குறைஞ்சிருக்குமோ?"

"டாக்டர், நான் பிரபஞ்சத்தைப் பத்திப் பேசறேன். நீங்க சாமானைப் பத்திப் பேசறீங்க."

"உங்க வீட்ல என்ன சொல்றாங்க?"

"அவளே ஒத்துக்கிட்டா டாக்டர். 'ஆமாங்க, விரியத்தான் செய்யுது. இனிமே தினமும் ரெண்டு தடவை ஓட்டுங்க'ன்னு சொல்லியிருக்கா."

டாக்டர் என்னைப் பிடுங்க வேண்டிய பல்லைப் பார்ப்பது போலப் பார்த்தார். தோளைத் தட்டினார். "பயப்படாதீங்க, வலிக்காது" என்று சொல்லிவிட்டுப் போனார்.

கெடுவுக்கு முந்தின நாள், சனிக்கிழமை காலை, நானே பெட்டியில் ஏறினேன். திட்டம் எளிமையானது. அந்த மேட்ச் நாளுக்குப் போவது. "ம்" வருவதற்கு முன்னால் குறுக்கே புகுந்து "ம்ஹூம்" என்று சொல்வது. ரூம் பிழைத்துவிடும்.

கம்பிக் கதவைச் சாத்தும்போது அவள் வந்தாள்.

"எங்க கிளம்பிட்டீங்க?"

"போன மாசத்துக்கு."

"போன மாசமா? அப்படியே அப்ப லிஃப்ட் ரிப்பேருக்குப் போன வங்கிக் கட்டடத்துல மறந்துட்டு வந்த குடையை எடுத்துட்டு வந்துருங்க."

காலத்தையே கடக்கப்போகிறவனுக்கு இவள் கொடுக்கிற வேலையைப் பாருங்கள்! கீழ் பொத்தானை அமுக்கினேன்.

போன மாதத்தின் பின் ரூமில் போய் இறங்கினேன். சாமான்களுக்கு நடுவில் நெருக்கியடித்து வெளியே வந்து, ஹாலுக்குப் போய்த் திரைச்சீலைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டேன். எதிரே சோபாவில் நான். முதல் முறையாக என் பின்மண்டையைப் பார்த்தேன். அங்கே முடி இருப்பதாக இத்தனை வருடமும் நம்பிக்கொண்டிருந்தேன். ஒருவராவது சொல்லியிருக்கக் கூடாதா?

பந்து பறந்தது. அவள் வந்தாள். கேட்டாள். சோபாக்காரன் வாயை மூடியபடி "ம்"முக்குத் தயாரானான். நான் முந்திக்கொண்டேன்.

"ம்ஹூம்!"

அவள் நிமிர்ந்தாள். "ஏன் ம்ஹூம்?"

சோபாக்காரன் திடுக்கிட்டுத் திரும்பினான். "என்ன ம்ஹூம்?"

"இப்ப நீங்கதானே சொன்னீங்க."

"நானா? சேச்சே! நீ கேட்டு நான் எப்பம்மா ம்ஹூம் சொல்லியிருக்கேன்?"

"அப்ப எடுத்துக்கலாமா?"

"தாராளமா."

"ரூம் பத்தலேன்னா?"

"பால்கனியையும் எடுத்துக்கோ! அதுல என்ன இருக்கு?"

அடப்பாவி! முன்பாவது வாயை மூடிக்கொண்டு ஒரு ரூமைக் கொடுத்தான். இப்போது வாயைத் திறந்து பால்கனியையும் சேர்த்துக் கொடுத்துவிட்டான். எதற்கென்றே கேட்காமல் கொடுக்கிறான். அவனை அப்படியே நாலு சாத்து சாத்தலாம் போலிருந்தது. வலிக்கப்போவது எனக்குத்தானே என்று விட்டுவிட்டேன். அவள் மட்டும் திரைச்சீலையை, அதுவும் அதன் கீழ் ஓரத்தை, ஒரு நிமிடம் உற்றுப் பார்த்தாள். பிறகு சமையலறைக்குப் போய்விட்டாள்.

கிணறு வெட்டப் பூதம் கிளம்பிய கதையாக நான் திரும்பி வந்தபோது, பால்கனியில் நூல் கண்டுகளும் துணி மூட்டைகளும் என்றைக்கோ அங்கேயே பிறந்தவை போல உட்கார்ந்திருந்தன.

"குடை எங்கங்க?"

"மறந்துட்டேன்."

"அதே மாசத்துக்கு ரெண்டு தடவை போயும் மறந்துட்டீங்களா?" என்று தலையில் அடித்துக்கொண்டாள்.

அன்று சாயந்திரம் மனசு ஒடிந்து மேட்ச் பார்த்தேன். ஆனால் மேட்ச் நடுவில் எனக்கு மின்னலாக ஒரு யோசனை வந்தது. நேற்றைத் திருத்த முடியாது. நேற்றில் நான் இருக்கிறேன், காரியத்தைக் கெடுக்க நான் ஒருவன் போதும். ஆனால் பக்கவாட்டில் போகலாமே! "ம்ஹூம்" சொல்லி ஜெயித்த நான் ஒருவன் அங்கே இருப்பான். அவனிடம் போய், எந்த வார்த்தையைச் சொல்லி, எந்தக் குரலில் சொல்லி ஜெயித்தாய் என்று கேட்டு மனப்பாடம் செய்துகொண்டு வருவது. ஞாயிறு மத்தியானத்துக்குள் அவளிடம் பேசி ரூமை மீட்பது. கடைசி வாய்ப்பு.

ஞாயிறு காலை பின் ரூமுக்குள் போனேன். பிரபஞ்சம் அபாரமாக விரிந்திருந்தது. நடுவில் பெட்டி மட்டும்தான் நின்றது. மற்ற சாமான்களெல்லாம் விரிந்த இடத்தில் எங்கேயோ தூரத்தில் இருக்க வேண்டும். தேட நேரமில்லை.

அவள் எனக்கு முன்பே வந்து, பெட்டிக்குள் ஒரு மெத்தை, ஒரு தண்ணீர் பாட்டில், என் மூக்குக் கண்ணாடி, பெரிய டிபன் கேரியர் எல்லாம் வைத்திருந்தாள்.

"எதுக்கும்மா இதெல்லாம்? பத்து நிமிஷத்துல வந்துடுவேன்."

"எதுக்கும் இருக்கட்டும்."

"ரெண்டு பேர் சாப்பிடற அளவுக்கு இருக்கே!"

"போற இடத்துல வெறும் கையோட போகலாமா?"

என்னதான் இருந்தாலும் பாசமான பெண். ரூமை மீட்டதும் இவளுக்கு ஒரு நல்ல மேஜை விசிறி வாங்கிக் கொடுக்க வேண்டும், அடுப்புப் பக்கத் தோளுக்கு, என்று நினைத்துக்கொண்டேன். கண் லேசாகக் கலங்கியது. அவளே கதவைச் சாத்தினாள். அவளே இடது பொத்தானை அமுக்கினாள்.

பெட்டி நின்றதும் கதவைத் திறந்தேன். எதிரே ஒரு பின் ரூம். என்ன ரூம்! மோட்டார்மேல் மோட்டார், கப்பிமேல் கப்பி. அழைப்பு மணிகள் குலை குலையாகத் தொங்கின. எண் பொத்தான்கள் இரண்டு வாளி! நடுவில் ஸ்டூலில் உட்கார்ந்து ஒரு கப்பியைத் துடைத்துக்கொண்டிருந்தான், நான். மீசைகூட இருந்தது. ஜெயித்தவன்! எனக்குப் பொறாமை பொத்துக்கொண்டு வந்தது.

"வாய்யா, வா!" என்று எழுந்து ஓடி வந்து கையைப் பிடித்து என்னை வெளியே இழுத்தான். மெத்தை, பாட்டில், மூக்குக் கண்ணாடி, கேரியர் எல்லாவற்றையும் பெட்டியிலிருந்து அவனே இறக்கி வைத்தான். "உட்காரு! எவ்வளவு நாளாச்சு ஒரு மனுஷன்கிட்ட பேசி!"

"உட்கார நேரமில்ல. எப்படி ஜெயிச்சே? அதை மட்டும் சொல்லு."

"என்னத்தை?"

"இந்த ரூமை! அவகிட்ட என்ன சொன்னே?"

"ஓ, அதுவா! அன்னிக்கு மேட்ச் நடுவுல கரண்ட் போயிடுச்சு. அதனால அவ கேட்டது காதுல விழுந்துச்சு. 'ம்ஹூம், ரூமைத் தர மாட்டேன்'னேன்."

"அவ?"

"'சரி'ன்னா."

"வெறும் 'சரி'யா? அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான். மறுநாள் கிளாசை ஹால்ல ஆரம்பிச்சுட்டா. படுக்கை ரூம்ல துணி வெட்டறாங்க. சாப்பாட்டு மேஜையில இஸ்திரி. டிவி இருந்த இடத்துல அளவு பொம்மை நிக்குது."

"அப்ப நீ எங்க இருக்கே?"

"ரூம் வேணும்னு கேட்டேன்ல? குடுத்துட்டா. இதுலயேதான் இருக்கேன்." மூலையைக் காட்டினான். ஒரு பாய், ஒரு தலையணை, ஒரு டம்ளர், அதில் பல் தேய்க்கிற பிரஷ். "ஆனா ஒண்ணு சொல்லணும்யா. அவ வாக்கு மாறவே இல்ல. இதுவரைக்கும் ஒரு தடவைகூட உள்ள வந்து எட்டிப் பார்க்கல!"

அதைப் பெருமையாகத்தான் சொன்னான். நான் அந்தப் பாயைப் பார்க்காமல் திரும்பிக்கொண்டேன். பேச்சை மாற்றினேன்.

"சாமான் மட்டும் எப்படி இவ்வளவு சேர்த்தே? என்கிட்ட இருக்கறதைப் போல ரெண்டு மடங்கு இருக்கே!"

"அதுதான்யா அதிசயம். தினமும் சாயந்திரம் இந்தப் பெட்டி வரும். நெறைய சாமான் இருக்கும். ஒரு அம்மா இறங்கி, எல்லாத்தையும் இறக்கி வெச்சுட்டு, 'பத்திரமா பார்த்துக்கோங்க அண்ணே'ன்னு சொல்லிட்டுப் போவாங்க. ஹாலுக்குப் போய் என் வீட்டுக்காரிகிட்டயும் நின்னு கொஞ்ச நேரம் பேசிட்டுத்தான் போவாங்க."

"எப்படி இருப்பாங்க அந்த அம்மா?"

"அச்சு அசல் என் வீட்டுக்காரி மாதிரியே இருப்பாங்க. ஆனா என்கிட்ட மரியாதையாப் பேசினாங்க. அதனால வேற யாரோன்னு நெனச்சுக்கிட்டேன்."

குலையில் தொங்கிய ஒரு மணியைத் திருப்பிப் பார்த்தேன். அடியில் நான் கீறி வைத்த என் கீறல். பக்கத்துக் கப்பியை எடுத்தேன். போன ஞாயிற்றுக்கிழமை நான் துடைத்த கப்பி. எங்கேயோ தூரத்தில் இருக்கும் என்று நான் நம்பிய சாமான் எல்லாம் இங்கேதான் இருந்தது. பிரபஞ்சம் விரியவே இல்லை.

பின்னால் கம்பிக் கதவு தானாகச் சாத்திக்கொண்டது. க்ளிக். பெட்டியின் ஒலிபெருக்கி கரகரத்தது.

"என்னங்க, கேக்குதா?"

ஓடிப் போய்க் கம்பியைப் பிடித்துக்கொண்டேன். "கதவைத் திறம்மா! என்னம்மா இது? 'காலி'ன்னு சொன்னியே! தினமும் சொன்னியே! அந்த வார்த்தையில பொய் சொல்லலாமா? எங்க தொழில்ல..."

"உங்க தொழில்ல சொல்லக் கூடாதுங்க. நான் தையல்காரிதானே?"

"உனக்கு எப்பம்மா இந்த யோசனையெல்லாம் வந்துச்சு?"

"அன்னிக்கு மேட்ச் நேரத்துலதான். சோபாவுல நீங்க. திரைச்சீலைக்குக் கீழ உங்க கால். ஆக ரெண்டு பேர் இருக்கீங்க, பெட்டி ஓடப்போகுதுன்னு அப்பவே புரிஞ்சுபோச்சு. சரி, ரெண்டு பேரையும் ஒரே இடத்துல உட்கார வெச்சுட்டா ரெண்டு வீட்லயும் வேலை நடக்குமேன்னு தோணுச்சு."

அந்த ரூமின் கதவு திறந்தது. முதல் முறையாக உள்ளே எட்டிப் பார்த்தாள், அந்த வீட்டு அவள். கழுத்தில் அளவு நாடா, கையில் இரண்டு டீ.

"வந்துட்டாரா? நல்லதாப் போச்சு" என்றாள், என்னைத் தாண்டி ஒலிபெருக்கியைப் பார்த்து. "இவரு கிளாஸ் நடுவுல வந்து வந்து, பேச ஆளில்லேன்னு அனத்திக்கிட்டே இருந்தாரு. இனிமே பிரச்சினையில்ல."

டீயை வைத்தாள். கதவைச் சாத்திக்கொண்டு போய்விட்டாள்.

"என்னங்க, இன்னிக்கு ரூமுக்கு வெள்ளையடிக்கிறாங்க" என்றது ஒலிபெருக்கி. "நீங்க இருந்தா நடுவுல நின்னு யோசனை சொல்லுவீங்க. சாயந்திரம் வந்து கூட்டிட்டு வந்துடறேன். ராத்திரிச் சாப்பாடு நம்ம வீட்லதான். நாளையிலேருந்து காலையில கொண்டு வந்து விட்டுடுவேன், கிளாஸ் முடிஞ்சதும் கூப்பிட்டுக்குவேன். பெட்டியும் வீணாப் போகாது. கண்ணாடி இருக்குல்ல, பொண்ணுங்க துணி போட்டுப் பார்க்க வசதியா இருக்கும்."

"இது அநியாயம்மா! என்னை ஒரு வார்த்தை கேட்க வேணாமா?"

"கேட்டேனே!"

"எப்ப?"

"நேத்து சாயந்திரம். 'தினமும் பகல்ல உங்களை மாதிரியே ஒருத்தரோட, உங்க சாமானோட, நிம்மதியா உட்கார்ந்துட்டு வரீங்களா'ன்னு வந்து கேட்டேன். நீங்க மேட்ச் பார்த்துக்கிட்டு இருந்தீங்க."

கம்பியை இன்னும் இறுக்கிப் பிடித்தேன். "நான் என்ன சொன்னேன்?"

"'ம்'னீங்க."

பத்திரம் பதிவாகிவிட்டது. கம்பியிலிருந்து கையை எடுத்தேன். சுவருக்கு அந்தப் பக்கம், வேறு ஓர் உலகத்தில், என் மோட்டார் உறுமத் தொடங்கியது.

ஸ்டூலில் இருந்தவனும் லிஃப்ட்காரன்தானே. தொழில் பழக்கம் விடுமா? கப்பியைத் துடைத்தபடியே, பெட்டியைப் பார்த்துக் கத்தினான்.

"பெட்டி காலியா?"

"காலி!" என்றாள் என் மனைவி.

அந்த ஒரு மாதத்தில் அவள் அதை உண்மையாகச் சொன்னது அந்தத் தடவைதான்.